கோழி முட்டையிடும் முப்பத்தெட்டு விநாடிகள்

ஜூன் 3, செவ்வாய்

காலை ஒன்பது இருபதுக்குக் கடைசி ஷாட்டின் முதல் போட்டோவை எடுத்தோம். நான் சந்தோஷத்தில் கைதட்டிவிட்டேன். "அக்கா, தட்டாதீங்க, மேசை அதிரும்!" என்று கத்தினாள் தில்ஷாத். ஸ்டுடியோவுக்கு வெளியே போய், கணபதி மெயின் ரோட்டில் போகிற லாரிகளைப் பார்த்துக்கொண்டு மிச்சத்தைத் தட்டிவிட்டு வந்தேன்.

ஷாட் விவரம் குறித்து வைக்க இந்த நோட்டை வாங்கினேன். முதலில் விவரத்தையே எழுதிவிடுகிறேன்.

படத்தின் பெயர் 'கோழிக்கு அரை டிக்கெட்'. இருபத்திரண்டு நிமிடம். வால்பாறையில் ஒரு கோழி தனியாகப் பஸ் ஏறுகிறது. அதற்கு டிக்கெட் உண்டா இல்லையா என்று பஸ்ஸே இரண்டு கட்சியாகப் பிரிந்து சண்டை போடுகிறது. பொள்ளாச்சி வரும் நேரத்தில் கோழி சீட்டிலேயே முட்டையிட, சண்டை போட்ட முப்பத்து நான்கு பேரும் எழுந்து கைதட்டுகிறார்கள். எல்லாரும் ஒரு சாண் உயரப் பொம்மைகள். பொம்மையை ஒரு மயிரிழை நகர்த்த வேண்டும், போட்டோ எடுக்க வேண்டும், மறுபடி நகர்த்த வேண்டும். பன்னிரண்டு போட்டோ சேர்ந்தால் திரையில் ஒரு விநாடி. இந்தக் கைதட்டல் ஷாட் முப்பத்தெட்டு விநாடி. நடுவில் வெட்டே கிடையாது. நானூற்று ஐம்பத்தாறு போட்டோ. யாராவது மேசையை இடித்தால் முதலிலிருந்து.

தில்ஷாத் இயக்குநர். இருபத்தொன்பது வயது, குனியமுத்தூர்க்காரி. பொம்மைகளைத் தொடுகிறவள் அவள் ஒருத்தி மட்டும்தான். கேமரா பரணி, நம்பர் சொல்வதற்கு மட்டுமே வாயைத் திறப்பார். நான் அம்சவேணி, தயாரிப்பாளர். எங்கள் தொழிலில் தயாரிப்பாளர் என்றால் பண மூட்டையோடு வந்து உட்காருகிறவர் இல்லை. கூரை ஒழுகினால் ஆள் பிடிப்பதும், பொம்மைக்குக் கடுகளவு சட்டைப் பித்தான் தேடுவதும், ஜூலை பதினைந்துக்குள் படம் குழந்தைகள் சேனலுக்குப் போய்ச் சேரும்படி பார்த்துக்கொள்வதும் என் வேலை.

இன்று 14 போட்டோ.

ஜூன் 5, வியாழன்

டவுன்ஹால் கடைத்தெருவில் காது குடையும் பஞ்சுக்குச்சி பத்து டப்பா வாங்கினேன். பொம்மை முகத்தில் கைரேகை துடைக்க. "வீட்ல எத்தனை பேருங்க?" என்று கடைக்காரர் கேட்டார். முப்பத்து நான்கு பேரும் ஒரு கோழியும் என்றேன்.

சித்தி மகள் போனில் கேட்டாள்: "நீயும் பொம்மையை ஆட்டுவியாக்கா?" எல்லாரும் கேட்கிற கேள்வி. பத்தொன்பது வருடம் சென்னையில் விளம்பரப் படங்களில் இருந்தேன். ஆடும் பிஸ்கட், பாடும் பற்பசை, குளிக்கப் பயப்படும் சோப்பு. ஒரு பொம்மையைக்கூட நான் தொட்டதில்லை. ஆசையும் இல்லை. இதை எழுதும்போது பேனா தீர்ந்துவிட்டது. வேறு பேனா எடுத்து எழுதுகிறேன்: ஆசை இல்லை.

இதுவரை 53 போட்டோ.

ஜூன் 9, திங்கள்

நூற்றெட்டாவது போட்டோவில் பரணி தானாக வாயைத் திறந்தார். "தலை."

பார்த்தால், பின் சீட்டு ஆட்கள் ஒவ்வொருவராகத் தலையைத் தொங்கப் போடுகிறார்கள். கழுத்துக்குள் இருக்கும் உருண்டை தளர்ந்துவிட்டது. கழற்ற முடியாது, கழற்றினால் இடம் மாறிவிடும். தில்ஷாத் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

இரண்டு தெரு தள்ளி இருக்கும் லேத் பட்டறைக்கு ஓடினேன். நம் பொம்மைகளின் எலும்பெல்லாம் குழந்தைவேலு அங்கே கடைந்து கொடுத்ததுதான். பம்ப்செட் ஷாஃப்ட் கடைகிற அதே லேத்தில், பட்டாணி அளவு உருண்டைகள். நாற்பத்தெட்டு வயது, எண்ணெய்க் கறை படிந்த கை.

"ஏனுங்க மேடம், இப்புடி மூச்சு வாங்கறீங்க?"

"தலை தொங்குதுங்க. எல்லாருக்கும்."

"பொள்ளாச்சி பஸ்ஸுல தூங்காம பின்ன என்னங்க பண்ணுவாங்க?"

பதற்றத்தில் இருந்தவள் சிரித்துத் தொலைத்தேன். அங்கேயே ஒரு கம்பியை நெருப்பில் காட்டி, அடித்து, ஊசி மாதிரி ஒரு சாவி செய்துகொண்டு என்னோடு வந்தார். செருப்பை வாசலில் விட்டார். யாரும் சொல்லாமலே கைக்கடிகாரத்தையும் கழற்றினார். முதல் பொம்மையின் பின்கழுத்தில் சாவியை விட்டு, மூச்சை நிறுத்தி, கால்வாசிச் சுற்றுத் திருகினார். பொம்மை அசையவில்லை. திரையில் பழைய போட்டோவையும் புதியதையும் ஒன்றன்மேல் ஒன்றாக வைத்துப் பார்த்தார் பரணி. "பூஜ்யம்" என்றார். அவர் வாயிலிருந்து இவ்வளவு அழகான வார்த்தை வந்ததே இல்லை.

ஜூன் 10, செவ்வாய்

இரண்டு நாளில் முப்பத்து நான்கு கழுத்தும் முடிந்தது. ஒவ்வொரு கழுத்துக்கும் அவர் பதினெட்டு விநாடி மூச்சை நிறுத்துகிறார். எண்ணினேன். தயாரிப்பாளர் இதையெல்லாம் எண்ண வேண்டும்.

ஜூன் 12, வியாழன்

ஹைதராபாத்திலிருந்து மின்னஞ்சல். பெரிய அனிமேஷன் நிறுவனம். முந்நூறு பேர் வேலை செய்கிற இடத்துக்குத் தலைமைத் தயாரிப்பாளராக வரச்சொல்கிறார்கள். கண்ணாடிக் கட்டடம், ஒழுகாத கூரை, என் பெயர் போட்ட கதவு. ஜூன் முப்பதுக்குள் பதில் வேண்டும்.

மூன்று தடவை படித்தேன். யாரிடமும் சொல்லவில்லை. அப்புறம் தில்ஷாத்திடம் சொன்னேன். அவள் கையில் இருந்த பஞ்சுக்குச்சியைக் கீழே போட்டுவிட்டு, "ரொம்ப நல்ல விஷயம்க்கா" என்றாள். அப்படிச் சொன்ன முகத்தை அவள் எந்தப் பொம்மைக்கும் வைக்க மாட்டாள்.

128 போட்டோ.

ஜூன் 14, சனி

குழந்தைவேலு கழுத்தெல்லாம் எப்படி இருக்கிறது என்று பார்க்க வந்தார். எல்லாம் நன்றாக இருந்தன. அரை மணி நேரம் இருந்து தேங்காய் பன் சாப்பிட்டுப் போனார். பொறுப்பான மனிதர். நீலச் சட்டை.

171.

ஜூன் 16, திங்கள்

மறுபடி கழுத்து பார்க்க வந்தார். நேற்றைய ஞாயிறு எப்படிப் போனது என்று கேட்டேன். மகள் திருச்சியில் படிக்கிறாளாம். போனில் அவளுக்கு ரசம் வைக்கச் சொல்லிக்கொடுத்தாராம். மனைவி தவறிப்போய் எட்டு வருடம் ஆகிறதாம். "சமையல் எனக்கு லேத் மாதிரிதானுங்க. அளவு தப்புனா குப்பைக்குத்தான்" என்றார். எனக்கு விவாகரத்தாகிப் பதினோரு வருடம் என்பது பேச்சோடு பேச்சாக வந்தது. ஏன் வந்தது என்று தெரியவில்லை. ரசத்திலிருந்து எப்படி அங்கே போனேன்?

பரணி என்னைப் பார்த்து "மூணு" என்றார். என்ன மூன்று என்றேன். "இந்த வாரத்துல மூணாவது பூ" என்று என் தலையைக் காட்டினார். இன்று திங்கள்தான், வாரத்தில் ஒரு நாள்தான் ஆகியிருக்கிறது என்று திருத்தினேன். ஏழு நாள் கணக்குப் பார்த்தாராம். கேமராக்காரரைப் பேசாமல் வைத்திருப்பதே நல்லது.

ஜூன் 18, புதன்

பல்லி! 232-ஆவது போட்டோவில் ஓட்டுநரின் தோளில் ஒரு குட்டிப் பல்லி நிற்கிறது. எப்போது வந்தது, எப்போது போனது, யாருக்கும் தெரியாது. ஒரே ஒரு போட்டோவில் இருக்கிறது. விநாடியில் பன்னிரண்டில் ஒரு பங்கு. கம்ப்யூட்டரில் அழித்துவிடலாம் என்றேன். "டிக்கெட் வாங்காம ஏறுனது கோழி மட்டும்தான்னு நெனச்சிட்டிருந்தேன்" என்று சொல்லிச் சொல்லிச் சிரித்தாள் தில்ஷாத். வயிறு வலிக்கச் சிரித்தோம். மேசையிலிருந்து பத்தடி தள்ளி நின்றுதான்.

பல்லி படத்தில் இருக்கும். தயாரிப்பாளரின் முடிவு.

ஜூன் 21, சனி

காலையில் தில்ஷாத் வண்டியில் வரும்போது சரவணம்பட்டிப் பக்கம் மணலில் சறுக்கி விழுந்துவிட்டாள். வலது மணிக்கட்டில் எலும்பு முறிவு. ஆறு வாரம் மாவுக்கட்டு. முகத்தில், காலில் ஒன்றுமில்லை. ஆஸ்பத்திரியில் டாக்டர் கட்டுப்போடும்போது அவள் கேட்ட முதல் கேள்வி: "டாக்டர், இந்த மாவு என்ன பிராண்டு? செட்டுக்கு நல்லா இருக்கும் போல." அப்புறம் என் தோளில் முகத்தை வைத்து அழுதாள்.

287-இல் நிற்கிறோம். 169 பாக்கி.

ஜூன் 23, திங்கள்

சென்னை, பெங்களூர், திருவனந்தபுரம் என்று பதினொரு பேருக்குப் போன் செய்தேன். இந்த வேலை தெரிந்தவர்கள் எல்லாம் வேலையில் இருக்கிறார்கள். ஆகஸ்டில் வரலாம் என்கிறார்கள். இடது கையால் செய்து பார்க்கிறேன் என்று தில்ஷாத் பயிற்சிப் பொம்மையை எடுத்தாள். அதன் மூக்கு போயிற்று.

மத்தியானம் குழந்தைவேலு வந்தார். விஷயம் கேட்டு, கோழியின் சீட்டுக்குள் எட்டிப் பார்த்தார். "பட்டறையில ஆர்டர் ரெண்டு வாரத்துக்குத் தாங்கும், தம்பி பாத்துக்குவான். பொம்மை ஆளுகளை நான் நகத்தறேனுங்க. தில்ஷாத் அம்மிணி உக்காந்துட்டுச் சொல்லட்டும். ஆனா அந்தக் கோழி சீட்டுக்குள்ள என் கை போவாதுங்க." தன் விரல்களை விரித்துக் காட்டினார். ஒவ்வொன்றும் வாழைப்பழம்.

தில்ஷாத் என் விரல்களைப் பார்த்தாள். பரணியும் பார்த்தார். நான் எழுந்து டீ சொல்லப் போனேன்.

டீக்கடைக்காரரிடம் நான்கு டீ சொல்லிவிட்டு ஆறு டீயோடு திரும்பினேன்.

சரி, எழுதிவிடுகிறேன். ஐந்தாம் தேதி எழுதியது பொய். சென்னையில் நான் முதலில் சேர்ந்தது தயாரிப்பில் இல்லை. இருபத்திரண்டு வயதில், பொம்மை அசைக்கும் பயிற்சிக்குத்தான் சேர்ந்தேன். ஆடும் பிஸ்கட் விளம்பரம். நான்காவது நாள் என் துப்பட்டா மாட்டி மேசை விளக்கு சாய்ந்தது. நான்கு நாள் வேலை போயிற்று. பதினாறு பேர் நின்றுகொண்டிருந்தார்கள். யாரும் திட்டவில்லை. மறுநாள் எனக்கு ஒரு ஃபைலையும் போனையும் கொடுத்து வேறு நாற்காலியில் உட்காரவைத்தார்கள். அந்த நாற்காலியில் நான் கெட்டிக்காரி ஆனேன். பத்தொன்பது வருடம் கெட்டிக்காரியாகவே இருந்துவிட்டேன்.

இதை டீ ஆறுவதற்குள் அவர்களிடமும் சொன்னேன். தில்ஷாத் சொன்னாள்: "அக்கா, இன்னிக்கு நீங்க சுடிதார் போடல. புடவை. முந்தானையைச் சொருகிக்கிட்டு வாங்க."

ஜூன் 24, செவ்வாய்

தொட்டேன். கோழியைத் தொட்டேன். இடது சிறகை அரை மில்லிமீட்டர் தூக்கினேன். பரணி "க்ளிக்" என்று வாயாலும் சொன்னார்.

மறுபக்கம் குழந்தைவேலு வரிசையாகப் பயணிகளின் கைகளை நகர்த்துகிறார். தில்ஷாத் உயரமான ஸ்டூலில், கட்டுப்போட்ட கையைக் கழுத்துத் தூளியில் போட்டுக்கொண்டு: "கோழி, கொஞ்சம். மூணாவது சீட்டு மாமா, இன்னும் கொஞ்சம். கோழி, போதும், போதும்க்கா!"

ஏழே போட்டோ. இரண்டு பேருக்கும் முதுகு போயிற்று. எனக்கு மட்டும் வீட்டுக்கு நடக்கும்போது கால் தரையில் படவே இல்லை. காய்கறிக்காரம்மா "என்ன கண்ணு, சிரிச்சுட்டே போற?" என்றாள். சிறகு தூக்கினேன் என்றேன்.

ஜூன் 27, வெள்ளி

331. கோழி முட்டையிட ஆரம்பித்துவிட்டது. முக்கும்போது அதன் கழுத்து எப்படி இருக்கும் என்று நான் நடித்துக் காட்ட வேண்டியதாயிற்று. நன்றாக நடித்தேன் என்று இருவர் சொன்னார்கள். குழந்தைவேலு ஜன்னல் பக்கம் திரும்பித் தோள் குலுங்க நின்றார்.

ஜூன் 30, திங்கள்

ஹைதராபாத்துக்குப் பதினைந்து நாள் அவகாசம் கேட்டு எழுதினேன். ஜூலை பன்னிரண்டு வரை கொடுத்தார்கள். வேலை மும்முரம்தான் காரணம்.

ஜூலை 1, செவ்வாய்

இன்று குழந்தைவேலு அவசரத்தில் மேடத்தை விட்டுவிட்டு "ஏங்க, அந்தப் பஞ்சை எடுங்க" என்றார். வீட்டுக்காரர் வீட்டுக்காரியைக் கூப்பிடுகிற ஏங்க இல்லை. வேலை ஏங்க. எடுத்துக் கொடுத்தேன். பரணி "ஒண்ணு" என்றார்.

ஜூலை 3, வியாழன்

நடந்துவிட்டது.

காலையில் கோழியிடம் குனியும்போது என் வளையல் எதிலோ உரசிய மாதிரி இருந்தது. பார்த்தேன், ஒன்றும் விழவில்லை. வேலையைத் தொடர்ந்தோம். சாயங்காலம் பரணி அன்றைய பன்னிரண்டு போட்டோவை ஓட்டினார். எல்லாரும் முட்டையைப் பார்த்துக் கைதட்டுகிறார்கள். ஆறாவது வரிசையில் குடைக்காரர் மட்டும், அவர் பெயரே குடைக்காரர்தான், சட்டென்று தலையைத் திருப்பிப் பக்கத்து சீட்டில் இருக்கும் கனகாம்பரம் என்கிற அம்மாவைப் பார்க்கிறார். நாள் முழுவதும் அப்படியே பார்த்துக்கொண்டிருக்கிறார்.

என் வளையல்தான்.

முப்பத்து நான்கு பேரையும் நேற்று இருந்த இடத்துக்குக் கொண்டுபோக முடியாது. முதலிலிருந்து எடுக்கவும் நாள் இல்லை. என் காதில் பழைய விளக்கு சாய்கிற சத்தம் கேட்டது. "நான் போறேன்" என்று பையை எடுத்துவிட்டேன். உண்மையாகவே எடுத்துவிட்டேன்.

"அக்கா, இருங்க. பரணிண்ணா, இன்னொரு தடவை."

ஓட்டினார். தில்ஷாத் திரையில் மூக்கு படுகிற அளவுக்குக் குனிந்தாள். அவள் தோள் ஆடியது. அழுகிறாள் என்று நினைத்தேன்.

"இவரு முட்டையவே பாக்கல!" என்று வெடித்தாள். "ஊரே கோழியப் பாக்குது. இவரு அந்தம்மாவப் பாக்கறாரு! ஐயோ, வால்பாறைலேர்ந்து பாக்கணும்னு இருந்திருப்பாருக்கா. இப்பதான் எல்லாரும் வேற பக்கம் திரும்பினாங்க!"

மறுபடி பார்த்தேன். ஆமாம். முப்பத்து மூன்று பேர் கைதட்ட, ஒரு மனிதன் பொள்ளாச்சி வருவதற்குள் ஒரு தடவையாவது பார்த்துவிட வேண்டும் என்று பார்க்கிறான். நான் எந்தக் காகிதத்திலும் எழுதாத, அவளும் எழுதாத காட்சி. ஷாட்டிலேயே உயிரோடு இருப்பது அதுதான்.

"மிச்சம் இருக்கறதுல அந்தம்மாவும் திரும்பணும்" என்றாள் தில்ஷாத். "மெதுவா. கடைசி ரெண்டு விநாடில. அப்ப இவரு வெக்கப்பட்டுக் கோழியப் பாக்கணும். குழந்தைவேலு மாமா, குடைக்காரர் உங்க பொறுப்பு. அக்கா, கனகாம்பரம் உங்க பொறுப்பு."

பையை ஆணியில் மாட்டினேன். வளையல்களைக் கழற்றி அதற்குள் போட்டேன்.

ஜூலை 7, திங்கள்

கனகாம்பரத்தின் தலையை ஒரு நாளில் பத்து மயிரிழை திருப்பினேன். அந்தப் பக்கத்தில் குழந்தைவேலு குடைக்காரரைப் பிடித்திருக்கிறார். இரண்டு பொம்மைகளுக்கும் நடுவே மூன்று விரற்கடை. எங்களுக்கு நடுவே ஒரு பஸ்.

"என்ன நெனைக்கறாங்களாமா அவங்க?" என்று கேட்டார், கனகாம்பரத்தைக் காட்டி.

"இத்தனை நாளா இவரு எங்க இருந்தாருன்னு நெனைக்கறாங்க."

"பக்கத்து சீட்லதானுங்க."

பரணி எதுவும் எண்ணவில்லை. தில்ஷாத் கூரையைப் பார்த்தாள். கூரையில் ஒழுக்கு இல்லை.

ஜூலை 9, புதன்

456.

கைதட்டினேன். இந்தத் தடவை யாரும் கத்தவில்லை, எல்லாரும் தட்டினார்கள். தில்ஷாத் ஒரு கையால் தொடையில் தட்டினாள். பரணி ஒரு முழு வாக்கியம் பேசினார்: "நல்லா இருந்துச்சுங்க இந்த ஒரு மாசம்." குழந்தைவேலு செய்வதறியாமல் முப்பத்து நான்கு கழுத்தையும் ஒரு தடவை சரிபார்த்தார்.

ஜூலை 12, சனி

ஹைதராபாத்துக்கு எழுதினேன். அன்புள்ள, நன்றி, மிகுந்த மரியாதையுடன், இயலாது. காரணமாக 'அடுத்த படத்தில் நானே பொம்மைகளை அசைக்க இருக்கிறேன்' என்று போட்டேன். நாற்பத்து மூன்று வயதுத் தயாரிப்பாளர் இப்படி எழுதினால் சிரிப்பார்கள். சிரிக்கட்டும். அனுப்பிவிட்டு நான்தான் முதலில் சிரித்தேன். போகாததற்கு அது ஒன்றுதான் காரணம்.

ஜூலை 14, திங்கள்

சத்தம், இசை எல்லாம் சேர்ந்தது. சேனலுக்கு அனுப்பியாயிற்று. ஒரு நாள் முன்னதாக! தூங்கப் போகிறேன். பகல் பதினொரு மணி.

ஜூலை 26, சனி

பீளமேட்டில் ஒரு பள்ளிக்கூடத்தில் முதல் காட்சி. இருநூறு பிள்ளைகள். எனக்கு உள்ளே உட்கார முடியவில்லை. சைக்கிள் நிறுத்தும் இடத்தில் நின்றுகொண்டிருந்தேன். உள்ளே ஒரே கூச்சல். கோழிக்கு டிக்கெட் உண்டு என்று பாதிப் பேர், இல்லை என்று மீதிப் பேர், நிஜமாகவே சண்டை போடுகிறார்கள். பிறகு பெரிய கைதட்டல், முட்டை வந்துவிட்டது. அதற்குள் இன்னொரு சத்தம் கிளம்பியது. "ஓஓஓ" என்று இருநூறு பேர் சேர்ந்து இழுத்தார்கள். ஒரு குட்டிக் குரல் மட்டும் தனியாக, "அந்தக்கா பாத்துட்டாங்கடீ!"

கதவைத் திறந்துகொண்டு குழந்தைவேலு வெளியே வந்தார். கண்ணைத் துடைத்துக்கொண்டே வந்தார்.

"ஏங்க, இங்கயா நிக்கறீங்க? உள்ள புள்ளைக பெஞ்சு மேல ஏறிருச்சுங்க!"

"கேட்டுச்சுங்க."

பக்கத்துச் சைக்கிளின் தளர்ந்த மணியை அவர் திருகிச் சரிசெய்தார்.

"ஹைதராபாத்துக்கு எப்பங்க கெளம்பறீங்க? தில்ஷாத் அம்மிணி போன மாசமே சொல்லிருச்சு. கேக்கக்கூடாதுன்னுதான் இருந்தேன்."

"போகலீங்க. எழுதிட்டேன். ரெண்டு வாரம் ஆச்சு."

அவரைப் பார்த்தேன். மூச்சை நிறுத்தியிருந்தார். பதினெட்டைத் தாண்டிவிட்டது.

"மூச்சு விடுங்க" என்றேன்.

விட்டார். "வர்ற ஞாயித்துக்கிழமை இல்லாம அடுத்த ஞாயித்துக்கிழமை திருச்சிலேர்ந்து என்ற மக ஊருக்கு வருதுங்க. நீங்க சாப்பிட வரணும். வேலை விஷயமா இல்லீங்க. கழுத்து விஷயமும் இல்லீங்க. எனக்கு உங்களைப் புடிச்சிருக்குது. ஜூன் ஒம்பதுலேர்ந்து."

பத்தொன்பது வருடம் ஆயிரம் பேரிடம் தேதி பேசி முடித்தவள். தலையை மட்டும் ஆட்டினேன். போதாது என்று தோன்றி மறுபடி ஆட்டினேன். அப்புறம், "எனக்கும்தாங்க" என்றேன். பிள்ளைகள் கதவைத் தள்ளிக்கொண்டு ஓடி வந்தார்கள்; எங்களைச் சுற்றி இருநூறு பேர் கோழி மாதிரி கொக்கரித்தார்கள்.

ஆகஸ்ட் 3, ஞாயிறு

எழுத நேரமில்லை. மூன்றாவது புடவையும் சரியில்லை, முதல் புடவைக்கே திரும்பிவிட்டேன். தில்ஷாத் போனில் "கைய ஆட்டிப் பேசாதீங்கக்கா, சாம்பார் சாயும்" என்று இயக்கிக்கொண்டிருக்கிறாள். கீழே அவருடைய ஸ்கூட்டர் சத்தம். பின்னால் ஒரு பெண் குரல், "அப்பா, ஹாரனை விடு, வருவாங்க" என்கிறது.

வந்துவிட்டேன்.